பெல்ஜியமா, சுவிட்சர்லாந்தா: பல மொழி நாட்டுக்கு எது முன்மாதிரி?

பல மொழிக்காரர்கள் ஒரே நாட்டில் எப்படிச் சேர்ந்து வாழ்வது என்ற பேச்சு எழுந்தாலே ஐரோப்பாவிலிருந்து இரண்டு பெயர்கள் வந்துவிடும். இலங்கையில் சமஷ்டி (கூட்டாட்சி) பற்றி விவாதிப்பவர்கள் சுவிட்சர்லாந்தைக் காட்டுவார்கள். இந்தியாவில் சிபிஎஸ்இ பத்தாம் வகுப்புப் பாடம் பெல்ஜியத்தைக் காட்டுகிறது, அதுவும் இலங்கைக்கு நேர் எதிரான நல்ல உதாரணமாக. மொழிப் பிரச்சினையைத் தீர்த்த நாடுகள் என்று இரண்டையும் ஒரே கட்டாகக் கட்டிவிடுகிறோம். என் பார்வையில், சுவிட்சர்லாந்துக்கு அந்தப் பிரச்சினை முழு அளவில் வந்ததே இல்லை; பெல்ஜியத்துக்கு அது இன்னும் தீரவில்லை.

மேலோட்டமாகப் பார்த்தால் சுவிட்சர்லாந்தில்தான் சிக்கல் அதிகம் இருந்திருக்க வேண்டும். அங்கே ஜெர்மன், பிரெஞ்சு, இத்தாலியன், ரொமான்ஷ் என நான்கு தேசிய மொழிகள். மக்களில் சுமார் 62 சதவீதம் பேருக்கு ஜெர்மன்தான் முதன்மை மொழி. பெல்ஜியத்தில் வடக்கே ஃபிளாண்டர்ஸில் டச்சு, தெற்கே வலோனியாவில் பிரெஞ்சு, கிழக்கு ஓரத்தில் கொஞ்சம் ஜெர்மன். அப்படியிருந்தும் சண்டை பெல்ஜியத்தில்தான். ஏன்?

1847 நவம்பரில் சுவிட்சர்லாந்தில் ஓர் உள்நாட்டுப் போர் நடந்தது. ஒரு மாதம்கூட நீடிக்கவில்லை, இறந்தவர்கள் சுமார் நூறு பேர். சண்டை மொழிக்காக அல்ல. ஏழு கத்தோலிக்க மாநிலங்கள் தனிக் கூட்டணி அமைத்தன, மற்றவை அதை உடைத்தன. அந்தக் கத்தோலிக்க அணியில் ஜெர்மன் பேசும் லூசெர்னும் இருந்தது, பிரெஞ்சு பெரும்பான்மை கொண்ட ஃபிரிபூரும் வலேயும் இருந்தன. எதிரணிப் படைக்குத் தலைமை தாங்கிய தளபதி டுஃபூர் ஜெனீவாக்காரர், பிரெஞ்சு பேசுபவர். அவர் படையில் சூரிச், பெர்ன் ஜெர்மன்காரர்கள். அதாவது, நாடு ரத்தம் சிந்திப் பிளந்தபோது மொழிக் கோட்டின் வழியாகப் பிளக்கவில்லை. அடுத்த ஆண்டே, 1848-ல், இன்றைய கூட்டாட்சிக்கு அடித்தளமான அரசியல் சட்டம் வந்தது.

பணமும் அப்படித்தான். மாநிலங்களுக்கு இடையே வருவாயைச் சமன் செய்யும் திட்டத்தில் பிரெஞ்சு பேசும் ஜெனீவா கொடுக்கும் பக்கம் நிற்கிறது. பெரும்பாலும் ஜெர்மன் பேசும் பெர்ன் வாங்கும் பக்கம். 'எங்கள் மொழிக்காரர் வரிப்பணத்தில் அவர்கள் வாழ்கிறார்கள்' என்று மேடையில் முழங்க ஒருவருக்கும் வழியில்லை.

பெல்ஜியத்தில் கோடுகள் எல்லாம் ஒன்றின்மேல் ஒன்றாக விழுந்தன. 1830-ல் நெதர்லாந்திலிருந்து பிரிந்தபோது டச்சு பேசுபவர், பிரெஞ்சு பேசுபவர் என இரு பக்கமும் கத்தோலிக்கர்கள்தான், அதனால் குறுக்கே வெட்ட மதம் இல்லை. ஆட்சி, நீதிமன்றம், ராணுவம் எல்லாம் பிரெஞ்சு மொழியில். ஃபிளாண்டர்ஸின் மேட்டுக்குடிகூட பிரெஞ்சுதான் பேசியது. நிலக்கரியும் எஃகும் வலோனியாவில். டச்சுக்குச் சட்டத்தில் சம இடம் கிடைக்க 1898 ஆனது, கென்ட் பல்கலைக்கழகம் முழுக்க டச்சுக்கு மாற 1930 ஆனது. பிறகு காற்று திசை மாறியது. சுரங்கங்கள் மூடப்பட, ஆண்ட்வெர்ப் துறைமுகத்தை வைத்து வடக்கு முன்னேறியது. ஒரு காலத்தில் தாழ்த்தப்பட்ட தரப்பு இப்போது எண்ணிக்கையிலும் பெரியது, பணத்திலும் பெரியது. பழைய காயமும் புதிய செல்வமும் ஒரே பக்கம் சேர்ந்துவிட்டன.

லூவன் பல்கலைக்கழகக் கதையைப் படித்தால் அந்தக் கசப்பு புரியும். ஃபிளாண்டர்ஸ் மண்ணில் இருந்த அந்தப் பழைய கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்தின் பிரெஞ்சுப் பிரிவு வெளியேற வேண்டும் என்று மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். 1968-ல் அதிலேயே அரசு கவிழ்ந்தது. பிரெஞ்சுப் பிரிவுக்காக வலோனியாவில் லூவன்-லா-நூவ் என்று ஒரு புது ஊரையே கட்டினார்கள். நூலகத்தைப் பிரிக்கும்போது ஒற்றைப்படை எண் புத்தகங்கள் ஒரு பக்கம், இரட்டைப்படை எண் புத்தகங்கள் மறுபக்கம்! அதே காலத்தில் கட்சிகளும் பிளந்தன. கிறிஸ்தவ ஜனநாயகவாதிகள், லிபரல்கள், சோஷலிஸ்டுகள் என்று வரிசையாக மொழிவாரியாக இரண்டானார்கள். இன்று தேசிய அளவில் ஒரே கட்சியாக நிற்கும் குறிப்பிடத்தக்க கட்சி மார்க்சியத் தொழிலாளர் கட்சி மட்டுமே.

பெல்ஜியத்தின் நிஜமான பலவீனம் இதுதான் என்று நினைக்கிறேன். வடக்கே ஆண்ட்வெர்ப் வேட்பாளருக்குத் தெற்கே லியேஜ் வாக்காளரின் ஓட்டு தேவையே இல்லை. எதிர்ப்பக்கத்தைத் திட்டினால் இழப்பு ஏதும் கிடையாது. ஆனால் தேர்தல் முடிந்ததும் அதே எதிர்ப்பக்கத்தோடு சேர்ந்துதான் ஆட்சி அமைத்தாக வேண்டும். பிரதமரைத் தவிர அமைச்சர்களில் டச்சுக்காரர், பிரெஞ்சுக்காரர் எண்ணிக்கை சமமாக இருக்க வேண்டும் என்பது 1970-லிருந்து அரசியல் சட்டம். விளைவு, 2010 ஜூனில் தேர்தல் நடந்து 2011 டிசம்பரில்தான் அரசு அமைந்தது. 541 நாள்.

சுவிட்சர்லாந்தில் இந்தத் தொல்லை இல்லை. ஏழு பேர் கொண்ட கூட்டாட்சிக் கவுன்சிலை நாடாளுமன்றம் நான்கு ஆண்டுக்குத் தேர்ந்தெடுக்கும். நடுவில் நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவந்து கவிழ்க்க முடியாது. பெரிய கட்சிகள் எல்லாம் உள்ளே, தலைவர் பதவி ஆண்டுக்கு ஒருவர் என்று சுழலும். கட்சிகளும் மொழிக் கோட்டைத் தாண்டியவை.

அதற்காக சுவிஸைக் கோயில் கட்டிக் கும்பிட வேண்டாம். 1992-ல் ஐரோப்பியப் பொருளாதார வட்டாரத்தில் சேரலாமா என்று வாக்கெடுப்பு நடந்தபோது, பிரெஞ்சு மாநிலங்கள் எல்லாம் ஆம் என்றன, பெரும்பாலான ஜெர்மன் மாநிலங்கள் இல்லை என்றன. 50.3 சதவீதம் பேர் இல்லை என்றதால் அது தோற்றது. பிரெஞ்சுப் பக்கம் கொதித்தது. ஆனால் ஆண்டுக்கு மூன்று, நான்கு முறை வாக்கெடுப்பு நடக்கும் நாட்டில் அடுத்த கேள்வி நகரம், கிராமம் என்று வேறு மாதிரிப் பிரிக்கும். நேற்றுத் தோற்றவர் இன்று ஜெயிப்பார். இதே நேரடி ஜனநாயகம்தான் பெண்களுக்குத் தேசிய அளவில் ஓட்டுரிமை தர 1971 வரை இழுத்தடித்தது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

பெல்ஜியம் நாடு முழுக்க மக்களிடம் கருத்துக் கேட்டது ஒரே ஒரு முறை, 1950-ல். அரசர் மூன்றாம் லியோபோல்ட் அரியணைக்குத் திரும்பலாமா என்பது கேள்வி. மொத்தத்தில் சுமார் 58 சதவீதம் ஆதரவு. ஃபிளாண்டர்ஸில் 72, வலோனியாவில் 42. ஜெயித்து வந்த அரசர், தெற்கே வேலைநிறுத்தமும் உயிர்ப்பலியும் ஏற்பட, மகனிடம் பொறுப்பை ஒப்படைத்து ஒதுங்க வேண்டியதாயிற்று. இரண்டே தரப்பு இருக்கும் வீட்டில் பெரும்பான்மை வாக்கு என்பது ஒருவர் இன்னொருவரை அழுத்துவதாகவே முடியும். 26 மாநிலங்கள் உள்ள வீட்டில் அது அப்படி ஆகாது.

ஆகவே என் ஓட்டு பெல்ஜியத்துக்கு. சுவிஸ் நன்றாக இயங்குகிறது, சரி. ஆனால் அதன் மதக் கோடுகளையும் மலைப் பள்ளத்தாக்குகளையும் யாரும் இறக்குமதி செய்ய முடியாது. இரண்டு பெரிய இனங்கள் நேருக்கு நேர் நிற்கும் நாட்டுக்கு, தாமதமாகவும் செலவாகவும் எரிச்சலாகவும் ஓடுகிற பெல்ஜிய இயந்திரத்தில்தான் கற்றுக்கொள்ள அதிகம் இருக்கிறது. பிரஸ்ஸல்ஸும் அதில் ஒரு பூட்டு. ஃபிளாண்டர்ஸால் சூழப்பட்ட, பெரும்பாலும் பிரெஞ்சு பேசும் தலைநகரம். பிரிவினைவாதிகளால் அதை எடுத்துப் போகவும் முடியாது, விட்டுப் போகவும் முடியாது. ஃபிளாண்டர்ஸ் விடுதலை பேசிய கட்சியின் தலைவராக இருந்த பார்ட் டி வேவர்தான் 2025 பிப்ரவரியிலிருந்து பெல்ஜியத்தின் பிரதமர்.

ஒரு விஷயத்தில் மட்டும் சுவிஸ் முறைக்கு மறுப்பே கிடையாது, எல்லைத் தகராறில். பெல்ஜியம் 1960-களின் தொடக்கத்தில் மொழி எல்லையைச் சட்டத்தால் உறைய வைத்தது. மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மொழி பற்றிய கேள்வியையே நீக்கிவிட்டது. பிரெஞ்சு பேசும் லியேஜ் மாகாணத்திலிருந்து டச்சு பேசும் லிம்பர்க் மாகாணத்துக்கு மாற்றப்பட்ட ஃபூரன் என்ற சில ஆயிரம் பேர் வாழும் சிற்றூர், மேயருக்கு டச்சு தெரிய வேண்டுமா என்ற சண்டையில் 1987-ல் ஓர் அரசையே கவிழ்த்தது. சுவிஸில், பெர்ன் மாநிலத்தின் பிரெஞ்சுக் கத்தோலிக்கப் பகுதி தனியாகப் போக விரும்பியபோது தீவைப்பெல்லாம் நடந்த பிறகு 1974-லிருந்து ஊர் ஊராக வாக்கெடுத்தார்கள். 1979-ல் ஜூரா மாநிலம் பிறந்தது. பெர்னிலேயே தங்கிவிட்ட மூத்தியே என்ற சிறு நகரம் மனம் மாறியது. 2017-ல் அங்கே நடந்த வாக்கெடுப்பு முறைகேடு என்று ரத்தானது. 2021-ல் மறுபடி வாக்களித்தார்கள், 2026 ஜனவரி 1 முதல் மூத்தியே ஜூராவில் சேர்ந்துவிட்டது.