பாக்யராஜின் நான்கு படங்கள்: டிவிடி தொகுப்பு

அப்பாவுக்காக வாங்கினேன்; நான்தான் நான்கு ராத்திரி உட்கார்ந்து பார்த்தேன். ‘16 வயதினிலே’யில் உதவி இயக்குநராக இருந்த கே. பாக்யராஜ், 1979-இல் ‘புதிய வார்ப்புகள்’ கதாநாயகன். அதே வருடம் ‘சுவரில்லாத சித்திரங்கள்’ மூலம் இயக்குநரும் ஆனார்.

தொகுப்பின் உயிர் ‘அந்த 7 நாட்கள்’ (1981). ஆர்மோனியத்தோடு வரும் பாலக்காட்டு மாதவன் சிரிக்க வைத்துக்கொண்டே இருக்கிறார். கடைசிக் காட்சியில் அதே ஆள் பேசும்போது தொண்டை அடைக்கிறது. தானே எழுதிய கதையில் தன் காதலைத் தோற்க விட எத்தனை நாயகர்களுக்கு மனசு வரும்?

பிரிண்ட் சுமார். ‘முந்தானை முடிச்சு’ (1983) தட்டில் பாதிக்கு மேல் உதட்டசைவுக்குப் பின்னால்தான் வசனம் கேட்கிறது. வசனத்துக்காகவே பார்க்கும் படத்தில் இது பெரிய குறை. கேட்டதும் வேறு தட்டு அனுப்பினார்கள். அது சரியாக ஓடுகிறது.