லோன் பாக்கிக்கு லோக் அதாலத் போனா தேறுமா? போய்ட்டு வந்து எழுதுறேன்

லோக் அதாலத்னா மக்கள் நீதிமன்றம், ரெண்டு பக்கமும் உக்காந்து பேசித் தீத்துக்கிற எடம். என் ரேட்டிங் அஞ்சுக்கு நாலு. ஃபீஸ்னு ஒத்த பைசா கிடையாது, வக்கீல் வெச்சே ஆகணும்னும் இல்ல. ஏற்கனவே கோர்ட்ல ஓடுற கேஸ் இங்க முடிஞ்சா கட்டின கோர்ட் ஃபீஸ் கூட திரும்ப வந்துரும், பேங்க்காரங்க ஆர்வமா வர்றதுக்கு அதுவும் ஒரு காரணம்னு நெனைக்கிறேன்.

நான் போனது மச்சானுக்காக, ஒரு தனியார் பேங்க்ல பர்சனல் லோன். கேஸ் போடுறதுக்கு முன்னாடியே நோட்டீஸ் வந்துச்சு, அத்தை அத வாரண்ட்டுன்னு நெனச்சு ஒரே அழுகை, ஆனா அது பேசித் தீத்துக்க கூப்பிடுற பேப்பர்தான். பேங்க் ஆபீசர் கால்குலேட்டர தட்டி, இன்னைக்கே மொத்தமா கட்டினா இவ்ளோ தவணைன்னா இவ்ளோன்னு ரெண்டு தொகை எழுதி நீட்டினாரு. மச்சான் சம்பள ஸ்லிப்போட வாடகை, ஸ்கூல் ஃபீஸ் எல்லாத்தையும் ஒரு தாள்ல எழுதிட்டு வந்திருந்தாப்ல, பெஞ்ச்ல இருந்த ஜட்ஜ் அதப் பாத்துட்டு "ரெண்டு மாசத்துல நின்னுபோற தவணைய வாங்கி என்ன சார் பண்ணப் போறீங்க"ன்னு கேட்டாரு பாருங்க, அப்பதான் தொகை எறங்குச்சு. வெறுங்கையோட வந்து அழுதவங்களுக்கு அந்த அளவுக்கு கெடைக்கல.

ஒரு மார்க் ஏன் கொறச்சேன்னா, பேங்க் முடியாதுன்னு அடம்புடிச்சா பெஞ்ச் ஒண்ணும் பண்ண முடியாது, ரெண்டு பக்கமும் ஒத்துக்கிட்டாத்தான் ஆர்டர். ஒத்துக்கிட்டு கையெழுத்து போட்டுட்டா 1987 சட்டப்பணிகள் ஆணைக்குழு சட்டப்படி அது சிவில் கோர்ட் டிகிரி (தீர்ப்பாணை) மாதிரி, அப்பீல் கிடையாது. அதனால "ஒரு தவணை தவறினாலும் தள்ளுபடி ரத்து, முழுப்பணமும் வட்டியோட"ன்னு ஒரு வரி இருக்கான்னு பாருங்க, இருந்தா சம்பளம் வர்ற தேதிக்கு அப்புறமா தவணை தேதிய மாத்தி கேளுங்க, நாங்க கேட்டு வாங்கினோம். தவணை நின்னா புதுசா கேஸ் போட வேண்டியதில்ல, நேரா எக்ஸிகியூஷன்தான், அதாவது கோர்ட் மூலமா ஆர்டர நிறைவேத்தி பணத்த வசூல் பண்றது.

இங்க படியலன்னா கோர்ட்லயும் தவணை கேக்கலாம், சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 20 ரூல் 11. ஆனா தீர்ப்பு சொல்றதுக்கு முன்னாடியே கேளுங்க, அப்ப தகுந்த காரணம் இருந்தா ஜட்ஜே தவணை போடலாம், டிகிரி ஆனப்புறம் கேட்டா கடன் குடுத்தவன் சம்மதிக்கணும். இத நோட்டீஸ்ல எவனும் எழுத மாட்டான்.

சிபில், அதாவது நம்ம கடன் வரலாற்று ரிப்போர்ட், அத பத்தியும் தெரிஞ்சுக்கோங்க, தள்ளுபடி வாங்கி முடிச்சா "க்ளோஸ்டு"ன்னு வராது, "செட்டில்டு"ன்னுதான் விழும், அடுத்த லோனுக்கு அது இடிக்கும். கடைசி தவணை கட்டினதும் நோ டியூ சர்டிஃபிகேட் (பாக்கி இல்லைன்னு சான்று) தரணும்னு ஆர்டர்லயே சேக்கச் சொன்னோம், ஆபீசர் முனகிட்டேதான் ஒத்துக்கிட்டாரு.