வீட்டு லேன் ஆட்டம்: முகவரி தானாக வரட்டுமா, ரவுட்டரில் ஒதுக்கலாமா, கணினியில் எழுதலாமா?

வீட்டுக்குள் இருக்கும் வலையில், அதாவது லேனில், மல்டிபிளேயர் ஆட எல்லாக் கணினிகளின் ஐபி முகவரியும் (வலையில் ஒரு சாதனத்தை அடையாளம் காட்டும் எண்) தேவைப்படாது. ஆட்டத்தை நடத்துகிற கணினியின், அதாவது ஹோஸ்ட்டின், முகவரி ஒன்று போதும். மற்றவர்கள் அதைத் தேடிப் போய்ச் சேருகிறவர்கள். அவர்களுடைய எண் எதுவானாலும் கவலையில்லை. ஆகவே எல்லா வேலையும் அந்த ஒரு முகவரியைச் சரியாகக் கண்டுபிடிப்பதிலும், அடுத்த வாரமும் அதே எண்ணாக இருக்கச் செய்வதிலும்தான். அதற்கு இருக்கும் வழிகளை மைன்கிராஃப்ட் ஜாவா, போனில் ஓடும் மைன்கிராஃப்ட் பெட்ராக், இன்றும் பல வீடுகளில் ஓடும் கவுன்டர்-ஸ்ட்ரைக் 1.6 ஆகிய மூன்றையும் வைத்து ஒப்பிடுவோம். முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம்: ரவுட்டருக்குள் நுழைய முடிந்தால், ஹோஸ்ட்டுக்கு அங்கேயே முகவரியை ஒதுக்குங்கள். மற்ற வழிகள் எல்லாம் அது முடியாத இடத்துக்கு.

சரியான எண் எது?

விண்டோஸில் ஸ்டார்ட் மெனுவில் சிஎம்டி என்று தேடித் திறந்து, ஐபிகான்ஃபிக் கட்டளையை அடித்தால் ஒரு பட்டியல் வரும். அதில் ‘ஐபிவி4 அட்ரஸ்’ என்று இரண்டு மூன்று இடத்தில் இருந்தால் குழம்ப வேண்டாம். ‘டிஃபால்ட் கேட்வே’ வரிக்கு எதிரே எண் இருக்கிற பகுதியைப் பாருங்கள்; ரவுட்டரோடு பேசுகிற அடாப்டர், அதாவது நெட்வொர்க் இணைப்பு, அதுதான். வர்ச்சுவல்பாக்ஸ் நிறுவியிருந்தால் 192.168.56.1 என்று ஓர் எண் தெரியும், விண்டோஸுக்குள் லினக்ஸ் வைத்திருந்தால் 172-இல் தொடங்கும் எண் தெரியும். இரண்டும் அந்தக் கணினிக்குள்ளேயே முடிந்துவிடுகிற முகவரிகள். அவற்றை நண்பருக்குக் கொடுத்தால் எத்தனை முறை அடித்தாலும் சேர முடியாது.

மேக்கில் சிஸ்டம் செட்டிங்ஸுக்குள் வைஃபை, அதில் டீடெய்ல்ஸ். ஆண்ட்ராய்டில் இணைந்திருக்கும் வைஃபை பெயருக்குப் பக்கத்திலுள்ள பல்சக்கரம். ஐபோனில் அதே இடத்தில் வட்டத்துக்குள் இருக்கும் தகவல் குறி.

கிடைத்த எண்ணை ஒரு பார்வை பாருங்கள். வீட்டு முகவரிகள் 10-இலோ, 172.16 முதல் 172.31 வரையிலோ, 192.168-இலோ தொடங்கும். 1994 முதல் தனியார் வலைகளுக்கென்று ஒதுக்கப்பட்ட எண்கள் இவை. கூகுளில் ‘என் ஐபி என்ன’ என்று தேடினால் வருவது வெளியுலகம் பார்க்கும் முகவரி. வீட்டுக்குள் ஆட அது உதவாது. 169.254-இல் தொடங்கினால் ரவுட்டர் முகவரியே தரவில்லை என்று பொருள்: கேபிள் தளர்ந்திருக்கலாம், ரவுட்டர் தொங்கிப்போயிருக்கலாம். 127.0.0.1 என்பது எந்தக் கணினியில் அடித்தாலும் அந்தக் கணினியையே குறிக்கும். ஹோஸ்ட் தன் சர்வரைத் தானே சோதிக்க மட்டும் அது பயன்படும்.

முகவரியே அடிக்காமல் சேருவது

மைன்கிராஃப்ட் ஜாவாவில் ஹோஸ்ட் ‘ஓப்பன் டு லேன்’ கொடுத்ததும், அந்த உலகம் 224.0.2.60 என்ற குழு முகவரிக்கு 4445 போர்ட்டில் (ஒரு கணினியில் எந்த ஆட்டத்துக்கான செய்தி என்று பிரிக்கும் வாசல் எண்) ‘நான் இங்கே இருக்கிறேன்’ என்று திரும்பத் திரும்ப அறிவிக்கும். மற்றவர்களின் மல்டிபிளேயர் திரை அதைக் கேட்டுப் பட்டியலில் காட்டும். பெட்ராக்கும் 1.6-இன் லேன் பட்டியலும் இதே போலத் தம் வழியில் தேடுகின்றன. வேலை செய்யும்போது இதைவிடச் சுலபமான வழி கிடையாது. ஆனால் இந்த அறிவிப்புகள் ஒரு ரவுட்டரைத் தாண்டிப் போகாது, விருந்தினருக்கான கெஸ்ட் வைஃபையில் தடுக்கப்படும், சில மலிவான ரவுட்டர்களில் வயர் பக்கத்திலிருந்து வைஃபை பக்கத்துக்கு வந்து சேராமலும் போகும். பட்டியலில் பெயர் வரவில்லை என்பதால் சேரவே முடியாது என்று முடிவு கட்டாதீர்கள். ‘டைரக்ட் கனெக்ஷன்’ போய் முகவரியை அடித்தால் பல நேரம் உடனே சேர்ந்துவிடும்.

அப்படி அடிக்கும்போது போர்ட் எண்ணையும் சேர்த்து அடிக்க வேண்டும். ஜாவாவில் தனியாக ஓடும் சர்வருக்கு 25565 இயல்பான எண், அதை எழுதாவிட்டாலும் சரி. ‘ஓப்பன் டு லேன்’ வழியில் திறந்தால் போர்ட் ஒவ்வொரு முறையும் மாறும். திறந்தவுடன் சாட்டில் அந்த எண் தெரியும். எண் 54321 என்றால் 192.168.1.20:54321 என்று முழுவதையும் அடிக்க வேண்டும். முகவரி சரியாக இருந்தும் சேர முடியாமல் திண்டாடுகிறவர்களில் பெரும்பாலோர் கோட்டை விடுவது இங்கேதான். புதிய பதிப்புகளில் ‘ஓப்பன் டு லேன்’ திரையிலேயே போர்ட்டை நாமே எழுதலாம். 25565 என்று எழுதிவிட்டால் தொல்லை முடிந்தது. பெட்ராக்குக்கு 19132, கவுன்டர்-ஸ்ட்ரைக் 1.6-க்கு 27015. 1.6-இல் கட்டளை அடிக்கும் திரையான கன்சோலைத் திறந்து கனெக்ட் என்று அடித்து, இடைவெளி விட்டு முகவரியை எழுத வேண்டும்.

தானாக வரும் முகவரி

ஒன்றும் செய்யாமல் விட்டால் ரவுட்டர்தான் முகவரி கொடுக்கும். அது குறிப்பிட்ட நேரத்துக்கான வாடகை. டிபி-லிங்க் ரவுட்டர்களில் பொதுவாக 120 நிமிடம். அதைப் பார்த்து இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை எண் மாறும் என்று பயப்பட வேண்டாம். பாதி நேரம் கழிந்ததும் கணினி அதே எண்ணைப் புதுப்பித்துக்கொள்ளும், ஆட்டத்தின் நடுவே மாறாது. மாறுவது, கணினி அணைந்திருந்த நேரத்தில் அந்த எண் வேறொரு போனுக்குப் போய்விட்டால். கரண்ட் போய் வந்ததும் ரவுட்டர் தன் பட்டியலை மறந்து முதலிலிருந்து கொடுக்கத் தொடங்கினாலும் மாறும்.

ஒரு நாள் ஆடிவிட்டுக் கலைகிற கூட்டத்துக்கு இதுவே போதும். வாராவாரம் அதே சர்வரில் கட்டுமானத்தைத் தொடர்கிறவர்களுக்குப் போதாது. சேமித்து வைத்த சர்வர் பட்டியல் ஒரு நாள் காலையில் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் செத்துப்போகும்.

ரவுட்டரில் ஒதுக்குவது

கேட்வே எண்ணை பிரவுசரில் அடித்தால் ரவுட்டரின் பக்கம் திறக்கும். ஜியோஃபைபர் பெட்டிகளில் அது 192.168.29.1, டிபி-லிங்க்கில் பெரும்பாலும் 192.168.0.1. கடவுச்சொல் பெரும்பாலும் பெட்டியின் அடிப்பக்க ஸ்டிக்கரில் இருக்கும். உள்ளே லேன் அல்லது டிஎச்சிபி (தானாக முகவரி கொடுக்கும் வசதி) பிரிவில் ‘அட்ரஸ் ரிசர்வேஷன்’ அல்லது அதையொத்த பெயரில் ஒரு பக்கம் இருக்கும். ஹோஸ்ட் கணினியின் மேக் முகவரியையும் விரும்பும் ஐபி முகவரியையும் எழுதிச் சேமியுங்கள். மேக் முகவரி என்பது நெட்வொர்க் கார்டின் அடையாள எண், ஆப்பிள் மேக்கோடு தொடர்பில்லை; ஐபிகான்ஃபிக்கை ‘/ஆல்’ சேர்த்து அடித்தால் ‘ஃபிசிக்கல் அட்ரஸ்’ என்று வரும் ஆறு ஜோடி எழுத்தெண்கள். பிறகு கணினியின் வைஃபையை அணைத்துப் போட்டால் புது எண் வந்துவிடும்.

இதன் பலம், கணினியில் ஒன்றையும் மாற்றாததுதான். லேப்டாப்பை நண்பர் வீட்டுக்கோ விடுதிக்கோ எடுத்துப் போனால் அங்கே வழக்கம்போல் இணையும். ஒதுக்கிய எண்ணை ரவுட்டர் வேறு யாருக்கும் தராது என்பதால் மோதலும் வராது.

சறுக்கும் இடங்கள் இரண்டு. கேபிளுக்கும் வைஃபைக்கும் மேக் முகவரி வேறு வேறு. வைஃபைக்கு ஒதுக்கிவிட்டுக் கேபிளைச் செருகினால் பழைய கதைதான். இரண்டையும் பதிந்துவிடுங்கள், இரண்டுக்கும் இரண்டு எண்களாக. அடுத்தது, மேக் முகவரியை மறைக்கும் வசதி. விண்டோஸில் ‘ரேண்டம் ஹார்ட்வேர் அட்ரஸஸ்’ என்ற பெயரில் இருக்கும்; ஆண்ட்ராய்டு 10-க்குப் பிந்தைய போன்களிலும் ஐஓஎஸ் 14 முதலும் இது இயல்பாகவே இயங்கும். ஹோஸ்ட்டாக இருக்கும் சாதனத்தில், வீட்டு வைஃபைக்கு மட்டும் இதை நிறுத்துங்கள். இல்லாவிட்டால் ஒதுக்கீடு வேறொரு மேக் முகவரிக்காகக் காத்துக்கொண்டிருக்கும்.

கணினியிலேயே எழுதுவது

வாடகை வீட்டில் ரவுட்டர் வீட்டுக்காரர் கையில் இருக்கும், விடுதியில் வார்டன் கையில் இருக்கும். அப்போது நிலையான முகவரியைக் கணினியில் எழுதுவதுதான் வழி: வேண்டிய எண், சப்நெட் மாஸ்க் 255.255.255.0, கேட்வே (ரவுட்டரின் முகவரி), டிஎன்எஸ் (இணையதளப் பெயரை எண்ணாக மாற்றித் தரும் சர்வரின் முகவரி). கடைசி இரண்டையும் விட்டுவிட்டால் ஆட்டம் ஓடும், இன்டர்நெட் ஓடாது.

ஆபத்து எண்ணைத் தேர்ந்தெடுப்பதில் இருக்கிறது. ரவுட்டர் கொடுக்கும் வரம்புக்குள் ஓர் எண்ணை எடுத்தால், ஒரு நாள் அதே எண்ணை ரவுட்டர் யாருடைய டிவிக்கோ கொடுத்துவிடும். அப்புறம் இரண்டும் மாறி மாறி அறுபடும். டிபி-லிங்க்கில் வரம்பு பொதுவாக 100 முதல் 199 வரை என்பதால் 192.168.0.50 பத்திரமானது. சில நிறுவனங்களின் ஃபைபர் பெட்டிகளில் வரம்பு 2 முதல் 254 வரை முழுவதும் விரிந்திருக்கும். அங்கே பத்திரமான எண் என்று ஒன்று இல்லை, 240-க்கு மேல் எடுத்தால் மோதல் வாய்ப்பு குறையும், அவ்வளவுதான். தவிர, கன்ட்ரோல் பேனல் வழியே அடாப்டரில் எழுதிய முகவரி எந்த வைஃபைக்குப் போனாலும் கூடவே வரும். வேறு வீட்டில் ‘நெட் வரவில்லை’ என்று புலம்பும் லேப்டாப்பில் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான். ஆகவே இடம் மாறாத மேசைக் கணினிக்கு இது பொருந்தும், லேப்டாப்புக்கு வேண்டாம்.

ரவுட்டரே இல்லாத இடம்

இரண்டு கணினிகள் மட்டும் என்றால் ஒரு நெட்வொர்க் கேபிளை நேராகச் செருகுங்கள். கிகாபிட் கார்டுகளுக்குப் பழைய கிராஸ் கேபிள் தேவையில்லை. ஒன்றில் 192.168.50.1, மற்றதில் 192.168.50.2, மாஸ்க் இரண்டிலும் 255.255.255.0, கேட்வே காலி. ஒன்றும் எழுதாமல் விட்டாலும் இரண்டும் தாமாக 169.254 எண்களை எடுத்துக்கொண்டு பேசிக்கொள்ளும். இந்த ஓர் இடத்தில் அது கோளாறு அல்ல. தாமதத்தைப் பொறுத்தவரை கேபிளை எதுவும் வெல்லாது, பிங் (செய்தி போய்ப் பதில் வரும் நேரம்) 1 மில்லிசெகண்டுக்குள் நிற்கும். 1.6 போன்ற துப்பாக்கி ஆட்டங்களுக்கு, முடிந்தவரை, கேபிள்தான்.

ஹாட்ஸ்பாட்டில் ஒரு நல்ல வசதி உண்டு: விண்டோஸின் மொபைல் ஹாட்ஸ்பாட்டை ஹோஸ்ட்டே திறந்தால் அதன் முகவரி இயல்பாக 192.168.137.1. தேடவே வேண்டாம். 8 சாதனங்கள் வரை சேரலாம். ஆனால் கணினி ஏதாவது ஓர் இணைப்பில் இருந்தால்தான் அதைத் திறக்கவே விண்டோஸ் விடும். ஐபோன் ஹாட்ஸ்பாட்டில் போன் 172.20.10.1, சேருபவர்களுக்கு 2 முதல் 14 வரை. ஆண்ட்ராய்டு பழைய போன்களில் 192.168.43.1, புதியவற்றில் எண் மாறிக்கொண்டே இருக்கும், ஒவ்வொரு முறையும் பார்த்துக்கொள்ள வேண்டும். ஆட்டத்தின் தரவு போனுக்குள்ளேயே சுற்றுவதால் டேட்டா கரையாது. லாக்இன்னும், பின்னணியில் தாமாக இறங்கும் அப்டேட்களும்தான் டேட்டாவைத் தின்னும்.

முகவரி சரி, இருந்தும் சேர முடியவில்லை

சேர வேண்டிய கணினியின் சிஎம்டியில் பிங் என்று அடித்து, இடைவெளி விட்டு ஹோஸ்ட்டின் முகவரியை எழுதுங்கள். வரும் பதிலை இரண்டாகப் பிரித்துப் படிக்க வேண்டும்.

‘டெஸ்டினேஷன் ஹோஸ்ட் அன்ரீச்சபிள்’ என்று உங்கள் சொந்த எண்ணிலிருந்தே பதில் வந்தால், ஹோஸ்ட் அந்த வலையில் கண்ணுக்கே தெரியவில்லை. எண் தவறு, ஹோஸ்ட் தூங்குகிறது, அல்லது ஒருவர் கெஸ்ட் வைஃபையில் இருக்கிறார். வைஃபையில் உள்ள சாதனங்களை ஒன்றோடொன்று பேசவிடாத ‘ஏபி ஐசொலேஷன்’ என்ற அமைப்பு இயங்கினாலும் இதே கதைதான். எல்லோரும் முதன்மை வைஃபைக்கு வாருங்கள்.

‘ரிக்வெஸ்ட் டைம்ட் அவுட்’ என்றால், இருவர் முகவரியிலும் முதல் மூன்று எண்கள் ஒன்றாக இருக்கும் பட்சத்தில், ஹோஸ்ட் அங்கே இருக்கிறது, பிங்குக்குப் பதில் சொல்லவில்லை. விண்டோஸ் ஃபயர்வால் பிங்கைத் தடுப்பது சாதாரணம், எனவே ஆட்டமும் ஓடாது என்று இதை வைத்து முடிவு செய்ய முடியாது. ஹோஸ்ட்டில் வைஃபையின் ப்ராபர்ட்டீஸுக்குப் போய் ‘பிரைவேட் நெட்வொர்க்’ என்று மாற்றுங்கள். புது வைஃபை எதையும் விண்டோஸ் ‘பப்ளிக்’ ஆகவே எடுத்துக்கொள்ளும். பிறகு ஃபயர்வாலில் அனுமதித்த ஆப்களின் பட்டியலைத் திறந்து, ஜாவாவின் வரியில் பிரைவேட் பெட்டி டிக் ஆகியிருக்கிறதா பாருங்கள். முதல் முறை ஃபயர்வால் கேட்டபோது அவசரத்தில் ‘கேன்சல்’ அழுத்தியிருந்தால் தடை விதி பதிவாகி, அன்றிலிருந்து அமைதியாகத் தடுத்துக்கொண்டிருக்கும். நேரடிக் கேபிள் இணைப்பை விண்டோஸ் அடையாளம் தெரியாத வலை என்று பப்ளிக்கில் சேர்க்கும். அதற்குப் பப்ளிக் பெட்டியையும் டிக் செய்யுங்கள், ஆடி முடித்ததும் எடுத்துவிடுங்கள். ஃபயர்வாலை முழுவதும் அணைக்க வேண்டிய தேவை வராது. ஐபோனில் பெட்ராக் ஆடினால், பிரைவசி பகுதியில் ‘லோக்கல் நெட்வொர்க்’ அனுமதி இருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும்.

இன்னொரு சிக்கல் நம் வீடுகளில் மிகச் சகஜம். ஃபைபர் கம்பெனி கொடுத்த பெட்டி கூடத்தில், சிக்னல் போதாமல் வாங்கிய இன்னொரு ரவுட்டர் மாடியில். மாடியில் இருப்பவருக்கு 192.168.0.105, கீழே இருப்பவருக்கு 192.168.1.20. மூன்றாவது எண்ணே மாறியிருப்பதைக் கவனியுங்கள்: இவை இரண்டு தனி வலைகள். மாடியில் இருப்பவர் கீழே உள்ள ஹோஸ்ட்டில் முகவரி அடித்துச் சேர முடியும், மறுபக்கம் முடியாது, பட்டியலில் இரு பக்கமும் தெரியாது.  தீர்வு மாடி ரவுட்டரை, தனி வலை அமைக்காமல் வைஃபை மட்டும் தரும் ‘ஆக்ஸஸ் பாயின்ட்’ முறைக்கு மாற்றுவது. அந்த வசதி இல்லாத பழைய ரவுட்டரில், முதலில் அதன் சொந்த முகவரியைக் கீழ்ப் பெட்டியின் வரிசையில், ஆனால் யாருக்கும் வராத எண்ணாக மாற்றுங்கள். அடுத்து டிஎச்சிபியை அணையுங்கள். கடைசியாக, கீழிருந்து வரும் கேபிளை, இணையம் வரும் பக்கமான ‘வான்’ துளையிலிருந்து எடுத்து லேன் துளையில் செருகுங்கள். இந்த வரிசையை மாற்றிச் செய்தால் ரவுட்டரின் பக்கத்தைத் திறக்க முடியாமல் ரீசெட் பொத்தானைத் தேட வேண்டிவரும்.

வெளியூர் நண்பர் ஒருவர் சேர வேண்டுமென்றால்

அவருக்கு மேலே உள்ள எந்த முகவரியும் பயன்படாது. போர்ட் ஃபார்வர்டிங்கை (வெளியிலிருந்து வருவதை ரவுட்டர் ஹோஸ்ட்டுக்கு அனுப்பும் அமைப்பு) முயல்வதற்கு முன் ரவுட்டரின் ‘வான்’ முகவரியைப் பாருங்கள், 100.64 முதல் 100.127 வரைக்குள் இருந்தால் இணைய நிறுவனமே ஒரு முகவரியைப் பலருக்குப் பங்கிடுகிறது, ஃபார்வர்டிங் பலிக்காது. அங்கே இணையம் வழியே தனி வலை அமைக்கும் ஜீரோடயர் அல்லது டெயில்ஸ்கேல் செயலியை ஹோஸ்ட்டிலும் நண்பரின் கணினியிலும் நிறுவி, அது தரும் முகவரியைக் கொடுப்பதே நேர்வழி. ஜீரோடயரில் லேன் அறிவிப்புகளும் கடந்து போகும் என்பதால் பட்டியலில் தெரிய வாய்ப்புண்டு. டெயில்ஸ்கேலில் அவை போகாது, 100-இல் தொடங்கும் அதன் முகவரியைப் போர்ட்டோடு அடித்தே சேர வேண்டும். வீட்டுக்குள் இருக்கும் மற்றவர்கள் இவற்றை நிறுவ வேண்டாம். ரவுட்டரில் ஒதுக்கிய அதே எண்ணில் அவர்கள் சேரட்டும்.