நான்கு இடிபாடுகள், நான்கு வில்லன்கள்: எது முதலிடம்?

பாழடைந்த நகரம் இல்லாத ஃபேண்டஸி கேமைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். உள்ளே போனால் எலும்புக்கூடு, புதையல் பெட்டி, கடைசி அறையில் பாஸ் என்கிற ஒரு பெரிய எதிரி. இதைக் கட்டியது யார், அவர்கள் எங்கே போனார்கள் என்று கேட்டால், ஒரு காலத்தில் பெரிய சாம்ராஜ்யம் இருந்தது, தீயசக்தி வந்து அழித்துவிட்டது என்று இரண்டு வரியில் கதையை முடித்துவிடுவார்கள். அந்தத் தீயசக்தியோ வேறெங்கோ ஒரு கோட்டையில் நமக்காகக் காத்திருக்கும். நகரத்துக்கும் வில்லனுக்கும் ஒட்டும் இருக்காது, உறவும் இருக்காது.

இடிபாட்டைப் புரிந்துகொள்ளாமல் வில்லனைப் புரிந்துகொள்ளவே முடியாது என்கிற அளவுக்கு இரண்டையும் பின்னிய கேம்கள் குறைவு. அவற்றில் நான்கை இங்கே எடுத்துக்கொள்கிறேன்: மாரோவிண்ட், ஹாலோ நைட், டார்க் சோல்ஸ், ஸெல்டா வரிசையின் விண்ட் வேக்கர். என் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மாரோவிண்டுக்கு முதலிடம், கொஞ்சமே கொஞ்சம் பின்னால் ஹாலோ நைட். மற்ற இரண்டும் சில இடங்களில் இவற்றையே மிஞ்சுகின்றன, ஆனால் முழுமையாக இல்லை. ஏன் என்பதற்குத்தான் இந்த அலசல். நான்கின் முடிவுகளும் கீழே வருகின்றன, ஸ்பாய்லர் பிடிக்காதவர்கள் ஆடிவிட்டு வந்து படியுங்கள்.

பெதஸ்டா 2002-இல் வெளியிட்ட மாரோவிண்டின் கதை வ்வார்டன்ஃபெல் என்ற தீவில் நடக்கிறது. நடுவில் ரெட் மவுண்டன் என்கிற எரிமலை. தீவெங்கும் ட்வெமர் என்ற இனத்தாரின் இடிபாடுகள்: பித்தளைக் குழாய்கள், கசியும் நீராவி, எசமானர்கள் போய் யுகங்கள் ஆன பின்னும் காவல் காத்துக்கொண்டிருக்கும் இயந்திரங்கள். ட்வெமர்கள் போரில் தோற்று அழியவில்லை, பஞ்சத்திலும் சாகவில்லை. முதல் யுகம் 700-ஆம் ஆண்டில், ரெட் மவுண்டன் போர் நடந்துகொண்டிருந்தபோது, இனம் மொத்தமும் ஒரே நொடியில் காணாமல் போனது.

இதற்குக் காரணம் என்று எல்லோரும் கைகாட்டுவது அவர்களுடைய தலைமைப் பொறியாளர் காக்ரெனாக்கைத்தான். மலைக்கடியில் லோர்கான் என்ற கடவுளின் இதயம் கிடைக்கிறது. அதைக்கொண்டு தங்கள் இனத்துக்கென்று ஒரு புதுக் கடவுளையே செய்துவிடலாம் என்று அவர் கிளம்புகிறார். சண்டர் என்ற சுத்தியல், கீனிங் என்ற கத்தி, ரெய்த்கார்ட் என்ற கையுறை ஆகிய மூன்றையும் அதற்காகவே செய்கிறார். அவற்றை அந்த இதயத்தின் மீது பிரயோகித்தார் என்பது வரை கதை ஓரளவு தெளிவு. அதற்கப்புறம் ட்வெமர்கள் கடவுளோடு கலந்தார்களா, அடியோடு அழிந்தார்களா, வேறெங்காவது போனார்களா என்பதற்குக் கேம் கடைசி வரை பதில் சொல்வதில்லை. அதே கேமில், ட்வெமர்கள் மறைந்த காரணத்தைக் கண்டுபிடித்து வா என்று மந்திரவாதிகள் சங்கத் தலைவரே நம்மை அனுப்புகிறார். அலைந்து திரிந்து, பழைய ட்வெமர் நூல்களைச் சேர்த்து, படிக்கத் தெரிந்தவரிடம் கொண்டுபோய்க் கொடுத்தால், கையில் கிடைப்பது ஓர் ஊகம் மட்டும்தான். எனக்கு அந்த ஊகமே போதும். பதிலை உறுதியாகச் சொல்லியிருந்தால், இருபது ஆண்டுகளுக்கு மேலாகியும் ரசிகர்கள் இதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்க மாட்டார்கள்.

வில்லனான டாகோத் உர் அதே நாளில், அதே மலையில்தான் உருவாகிறான். அவன் பழைய பெயர் வோரின் டாகோத். ட்வெமர்களோடு போரிட்ட நெரெவார் என்ற தலைவனின் நண்பன். போர் முடிந்ததும் காக்ரெனாக்கின் கருவிகளைப் பத்திரமாக வைத்திருக்கும் பொறுப்பு அவனிடம் வருகிறது. பிறகு நெரெவார் இறக்கிறான், அவனுடைய மூன்று துணைவர்கள் அதே கருவிகளால் தங்களைக் கடவுளாக்கிக்கொள்கிறார்கள், வோரினும் அந்த இதயத்தின் சக்தியைத் தொட்டு டாகோத் உர் ஆகிறான். நெரெவார் காயத்தால் செத்தான் என்கிறது அந்த மூவரையும் கும்பிடும் கோயில். துணைவர்கள் மூவரும் சேர்ந்து கொன்றார்கள் என்கிறார்கள் சாம்பல் நிலத்துப் பழங்குடிகள். நான் சொன்ன பேச்சு தவறாமல் காவல் நின்றேன், துரோகம் செய்தது அவர்கள்தான் என்கிறான் டாகோத் உர். கேம் எந்தப் பக்கமும் சாய்வதில்லை. கடவுள்கள் என்று கும்பிடப்படுபவர்களும் வில்லனும் ஒரே திருட்டுச் சொத்தை வைத்துத்தான் வாழ்கிறார்கள், அந்தச் சொத்தைத் தோண்டி எடுத்துக்கொடுத்தது அழிந்துபோன இனம்.

நாம் ஆடும் பாத்திரம் அந்த நெரெவாரின் மறுபிறவி என்று சொல்லப்படுகிறது. அதனால் டாகோத் உர் நம்மைப் பழைய நண்பனாகவே பார்க்கிறான். தூங்கினால் தங்க முகமூடியோடு கனவில் வந்து கூப்பிடுகிறான். கடைசியில் மலைக்குள் போய் அவன் முன்னால் நிற்கும்போது உடனே சண்டை தொடங்குவதில்லை. அவன் பேச வருகிறான். நீ உண்மையிலேயே நெரெவார்தானா? ஜெயித்தால் அந்த இதயத்தின் சக்தியை என்ன செய்யப்போகிறாய்? மரியாதையோடுதான் கேட்கிறான். பதில் சொல்ல வேண்டியது நாம். அத்தனை மணிநேரம் ஆடிய பிறகும் அந்தக் கேள்விக்கு நேரான பதில் நம்மிடம் இருக்காது என்பதுதான் அந்தக் காட்சியின் பலம்.

இந்தக் கேமின் உச்சம் என்று நான் நினைக்கும் இடம் அதுகூட இல்லை. கதையின் பாதியில் டாகோத் உர் பரப்பிய கார்ப்ரஸ் என்ற நோய் நமக்கே தொற்றுகிறது. சதை தாறுமாறாக வளர்ந்து புத்தி பேதலிக்கும் வியாதி, சாவும் வராது. மருந்து தேடி டிவைத் ஃபிர் என்ற கிழ மந்திரவாதியின் கோபுரத்துக்குப் போகிறோம். கீழே ஒரு குகையில் நோயாளிகளை வைத்துப் பராமரிக்கிறார். அங்கே போய் ஒரு ஜோடி பூட்ஸ் வாங்கி வா என்கிறார். இறங்கிப் போனால், உப்பிப்போன உடலோடு, இயந்திரச் சிலந்திக் கால்கள் பூட்டிய இருக்கையில் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். பெயர் யாக்ரம் பாகார்ன். உயிரோடிருக்கும் கடைசி ட்வெமர்.

இனம் மறைந்த நேரத்தில் அவர் இந்த உலகத்திலேயே இல்லை, வேறொரு தளத்தில் இருந்தார். திரும்பி வந்தால் ஒருவரும் இல்லை. இடிபாடு இடிபாடாகத் தேடி அலைந்தார், கிடைக்கவில்லை. கடைசியில் இந்த நோய் பிடித்து இங்கே வந்து சேர்ந்தார். அழிந்த நாகரிகத்தின் ஒரே சாட்சி, வில்லனின் நோயைச் சுமந்துகொண்டு, ஒரு குகைக்குள். லோர், அதாவது கேம் உலகத்தின் பின்கதை, என்ற பேரில் நூறு பக்கம் எழுதினாலும் இந்த ஒரு சந்திப்பு தருவதைத் தர முடியாது. அதிலும் அவரிடம் அதிகம் பேசாமல், பூட்ஸை மட்டும் வாங்கிக்கொண்டு மேலே போய்விடலாம், கேம் நம்மைக் கட்டாயப்படுத்துவதில்லை.

முடிவில் டாகோத் உர்ரை வாளால் வெட்டிக் கொல்ல முடியாது. அவனுக்குச் சக்தி தரும் இதயத்தைத்தான் அழிக்க வேண்டும். ரெய்த்கார்டைக் கையில் மாட்டி, சண்டரால் அடித்து, கீனிங்கால் குத்த வேண்டும். கடவுளைச் செய்யப் பிறந்த கருவிகளாலேயே கடவுள்தன்மை ஒழிகிறது. நாகரிகமும் வில்லனும் கருவியும் ஒரே முடிச்சு.

அதே ட்வெமர்களை, மாரோவிண்டின் வரிசையிலேயே 2011-இல் வந்த ஸ்கைரிமிலும் பார்க்கலாம். அடைக்கலம் தேடி வந்த பனி எல்ஃப்களைக் குருடாக்கி அடிமையாக்கினார்கள் என்று அங்கே இன்னும் இருண்ட பக்கம் ஒன்று தெரியவருகிறது. பிளாக்ரீச் என்ற நிலத்தடி உலகம் கண்கொள்ளாக் காட்சி. ஆனால் முக்கிய வில்லனான ஆல்டுயின் ஒரு டிராகன். அவனுக்கும் ட்வெமருக்கும் சம்பந்தம் கிடையாது. அவனை வீழ்த்தத் தேவையான ஓர் ஏடு பிளாக்ரீச்சில் இருக்கிறது, போய் எடுத்து வருகிறோம், அத்தோடு சரி. அதனால்தான் ஸ்கைரிம் இந்த ஒப்பீட்டுக்குள் வரவில்லை.

சரி, ஹாலோ நைட். ஆஸ்திரேலியாவின் அடிலெய்டைச் சேர்ந்த டீம் செர்ரி என்ற சின்னக் குழு 2017-இல் கொண்டுவந்தது. பூச்சிகளின் சாம்ராஜ்யமான ஹாலோநெஸ்ட் அழிந்து கிடக்கிறது. ஆரஞ்சு நிறத் தொற்று ஒன்று குடிமக்களின் மனதைப் பிடித்து ஆட்டுகிறது. தொற்றின் மூலம் ரேடியன்ஸ் என்ற ஒளிக்கடவுள். கேமின் உண்மையான கடைசி பாஸ் அவள்தான்.

அவள் வில்லியானது ஏன்? ஒரு காலத்தில் அந்துப்பூச்சிகள் அவளைத்தான் வணங்கின. பிறகு பேல் கிங் என்ற அரசன் வந்தான், பூச்சிகளுக்கு அறிவு தந்தான், நகரங்கள் கட்டினான், எல்லோரும் அவனை வணங்கத் தொடங்கினார்கள். அந்துப்பூச்சிகளும் பழைய கடவுளை மறந்தன. கிரிஸ்டல் பீக்கின் உச்சியில் அவளுக்குச் செதுக்கிய சிலை ஒன்று மட்டும் தனியாக நிற்கிறது. அவள் கனவுகள் வழியாகத் திரும்பி வருகிறாள். தன்னை மறந்த மனங்களைப் பிடித்துக்கொள்கிறாள். அவள் செய்வது கொடுமைதான், அதில் சந்தேகமில்லை. ஆனால் ஹாலோநெஸ்டின் பெருமை இன்னொருத்தியை அழித்து எழுந்த பெருமை என்பது தெரியவந்ததும், நாம் அதுவரை நடந்து வந்த அழகான தெருக்கள் எல்லாம் வேறு மாதிரி தெரியத் தொடங்கும்.

அரசன் கண்ட தீர்வு அவளைவிடப் பயங்கரம். மனமே இல்லாத ஒரு கலத்துக்குள் அவளை அடைத்துவிடலாம் என்று தன் பிள்ளைகளையே அபிஸ் என்ற பாதாளத்தில் பிறக்க வைக்கிறான். எண்ணற்ற பிள்ளைகள். ஏறி வருவதில் ஒன்று தேறும், மற்றவை கீழே கிடக்கும். நாம் அங்கே இறங்கும்போது கால் வைக்கும் தரையே அந்தச் சின்ன முகமூடி ஓடுகளின் குவியல். பிறகு ஒரு நினைவுக் காட்சி: தேர்ந்தெடுத்த பிள்ளையோடு அரசன் நடந்து போகிறான். விளிம்பைப் பிடித்துத் தொங்குகிறது இன்னொரு குட்டி. அது நாம்தான். மேலே போகிற பிள்ளை ஒரு கணம் திரும்பிப் பார்க்கிறது. திட்டம் ஏன் தோற்றது என்பதற்கு வேறு விளக்கமே வேண்டாம். மனமே இல்லாதது திரும்பிப் பார்க்காது.

கண் முன்னே காட்டி உலுக்குவதில் ஹாலோ நைட் மாரோவிண்டை மிஞ்சுகிறது. மைலா என்ற சுரங்கத் தொழிலாளியை ஆடியவர்கள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். பாடிக்கொண்டே பாறையை வெட்டும் குட்டிப் பூச்சி. கொஞ்சம் கதை நகர்ந்த பிறகு திரும்பி வந்தால் கண் ஆரஞ்சாக மாறியிருக்கும், நம்மையே தாக்க வரும். நாகரிகம் அழிந்தது என்ற பெரிய வாக்கியம் அங்கே ஒரே ஓர் ஆளாக முன்னால் வந்து நிற்கிறது.

பிறகு ஏன் இரண்டாமிடம்? ரேடியன்ஸ் நம்மோடு பேசுவதே இல்லை. அவள் தரப்பு நியாயத்தை நாமே சிலை, அந்துப்பூச்சிக் கிழவியின் பேச்சு, கல்வெட்டு என்று துண்டு துண்டாகச் சேர்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. அரசனைத் தேடிப் போனால் அவனும் சிம்மாசனத்தில் பிணமாகத்தான் இருக்கிறான். குற்றவாளிகள் இருவரையும் கூண்டில் ஏற்றியும் ஒரு கேள்வி கேட்க முடியாது. டாகோத் உர் விஷயத்தில் கேள்வி கேட்கலாம், அவனும் திருப்பிக் கேட்பான்.

2011-இல் ஃப்ரம்சாஃப்ட்வேர் வெளியிட்ட டார்க் சோல்ஸில் நாகரிகத்தின் தலைவனே கடைசி எதிரி. க்வின் என்ற ஒளியரசன், டிராகன்களை வென்று நெருப்பு யுகத்தைத் தொடங்கியவன். நெருப்பு அணையப் போகும்போது இயற்கையை ஏற்க மறுத்து, தன்னையே விறகாக்கி அதை இழுத்துப் பிடிக்கிறான். உலகத்தின் அத்தனை சீரழிவும் அந்த மறுப்பிலிருந்து கிளைக்கிறது என்று கேம் காதோரம் சொல்லிக்கொண்டே இருக்கிறது. அனோர் லொண்டோ என்ற தலைநகர் வெயிலில் பளபளக்கும், இளவரசி க்வினவெர் நம்மை வரவேற்பாள். அவள் மேல் ஓர் அம்பு விட்டுப் பாருங்கள். அவள் மறைவாள், சூரியனும் மறையும், நகரமே இருண்டு கிடக்கும். எல்லாம் க்விண்டோலின் என்ற மகன் கட்டிய மாயை, தெய்வங்கள் எப்போதோ போய்விட்டன. நாகரிகம் செத்துவிட்டது என்பதை ஆட்டக்காரரின் கையாலேயே வெளிப்படுத்தும் இந்த இடத்துக்கு இணை வேறெந்தக் கேமிலும் நான் பார்த்ததில்லை. ஆனால் க்வின் நம் முன் வரும்போது அவன் கரிந்த கூடு. நெருப்பைத் தொடர்வதா விட்டுவிடுவதா என்ற முடிவை நாம் எடுக்கும்போது, அந்த முடிவை முதலில் எடுத்தவனிடமிருந்து ஒரு சொல்லும் வருவதில்லை. துயரம் உண்டு, வாதம் இல்லை.

விண்ட் வேக்கர் ஜப்பானில் வந்தது 2002 டிசம்பரில், மாரோவிண்ட் வந்த அதே ஆண்டு. கார்ட்டூன் மாதிரி இருக்கிறதே என்று ஒதுக்கியவர்கள் அப்போது நிறையப் பேர். கடலுக்கடியில் ஹைரூல் ராஜ்யம் மூழ்கிக் கிடக்கிறது. கோட்டைக்குள் போனால் எல்லாம் கறுப்பு வெள்ளையில் உறைந்திருக்கும், அரக்கர்கள்கூட அசையாமல் நிற்பார்கள். மாஸ்டர் வாளை உருவியதும் நிறம் திரும்புகிறது, அரக்கர்களும் உயிர் பெறுகிறார்கள். வில்லனான கானண்டார்ஃப் இந்த வரிசையிலேயே முதிர்ச்சியாகப் பேசுவது இங்கேதான்: என் பாலைவனத்தில் பகலில் வீசிய காற்று சுட்டது, இரவில் வீசியது உறைய வைத்தது, இரண்டும் சாவையே கொண்டுவந்தன, ஹைரூலின் காற்று வேறு எதையோ கொண்டுவந்தது, அந்தக் காற்றுக்குத்தான் நான் ஆசைப்பட்டேன் என்ற பொருளில். கெட்டவனுக்குள் இருந்த ஏக்கம் ஒரே பேச்சில் வெளியே வந்துவிடுகிறது. கடைசியில் ஹைரூலின் அரசரே தன் நாடு கடலோடு போகட்டும் என்று வேண்டி, தானும் அதோடு மூழ்குகிறார். குறை என்னவென்றால், மூழ்கிய ராஜ்யத்தைச் சுற்றிப் பார்க்கக் கிடைக்கும் இடம் மிகக் குறைவு. இதே ஸெல்டா வரிசையில் 2023-இல் வந்த டியர்ஸ் ஆஃப் த கிங்டமில் ஸோனாய் நாகரிகத்துக்கு வானம் முழுக்க இடம் கொடுத்தார்கள், ஆனால் அங்கே கானண்டார்ஃபுக்கு அதிகார வெறி தவிர வேறு காரணமே கொடுக்கவில்லை. இரண்டையும் ஒரே கேமில் வைத்திருந்தால் இந்தத் தரவரிசையே மாறியிருக்கும்.

மாரோவிண்டுக்கு எதிராக நியாயமாகச் சொல்லக்கூடியது அதன் சண்டை. வாள் எதிரியின் உடம்பில் பட்டதைக் கண்ணால் பார்ப்போம், ஆனால் உள்ளே பகடைக் கணக்கு ஓடிப் படவில்லை என்று தீர்மானித்துவிடும். புதிதாக ஆடுகிறவர்கள் முதல் சில மணிநேரத்திலேயே விட்டுவிடுவது இதனால்தான். ஏதாவது ஓர் ஆயுதத் திறமையை முக்கியத் திறமையாக எடுத்து, அந்த ஆயுதத்தை மட்டுமே பிடியுங்கள், களைப்பு மீட்டர் காலியாக இருக்கும்போது சண்டைக்குப் போகாதீர்கள், பாதிச் சிக்கல் தீரும். மேப்பில் அம்புக்குறியும் கிடையாது, வழியை ஆட்கள் சொல்வதைப் படித்துத்தான் போக வேண்டும்.

நான்கில் எதையுமே ஆடாதவர் ஹாலோ நைட்டில் தொடங்கலாம். சாதாரண லேப்டாப்பிலும் ஓடும், இடிபாட்டைப் படிக்கக் கற்றுக்கொடுக்கும். அப்புறம் டார்க் சோல்ஸ். மாரோவிண்டுக்குப் போகும்போது யாக்ரமைப் பார்க்கிற வரைக்குமாவது ஆடுங்கள், பூட்ஸை வாங்கியதும் கிளம்பாமல் அவரிடம் இருக்கும் எல்லாப் பேச்சையும் கேட்டுவிட்டு மேலே வாருங்கள்.