மைன்கிராஃப்ட் லோட்ஸ்டோன்: நீண்ட காலப் பயன்பாட்டு அனுபவம்

மைன்கிராஃப்ட் கேமின் காந்தக்கல்லான லோட்ஸ்டோன், 2020 ஜூனில் 1.16 பதிப்பான நெதர் அப்டேட்டோடு வந்தது. பெயரைப் பார்த்து இரும்பை இழுக்கும் என்று நினைக்க வேண்டாம். காம்பஸ் முள்ளைத் தன் பக்கம் திருப்பி வைப்பது மட்டும்தான் அதன் வேலை. நெதர் என்னும் நெருப்பு உலகில் சுற்றுபவர்களுக்கு அது ஒன்றே போதும். கீழே உள்ளதெல்லாம் ஜாவா எடிஷன் என்னும் கணினிப் பதிப்புக்குப் பொருந்துவது.

பல வருடம் இந்தக் கல்லை யாரும் சீண்டாததற்குக் காரணம் விலைதான். நடுவில் ஒரு நெதரைட் இங்காட் (அரிய உலோகக் கட்டி), சுற்றிலும் எட்டு சிசல்டு ஸ்டோன் பிரிக்ஸ் (செதுக்கிய கல் பிரிக்) என்பது பழைய ரெசிபி. அந்த ஒரு இங்காட்டுக்கு நெதரில் தோண்டியெடுக்கும் ஏன்ஷியன்ட் டெப்ரி நான்கும் நான்கு தங்க இங்காட்டும் போய்விடும். வாளையோ கவசத்தையோ மேம்படுத்த வைத்திருப்பதை வழிகாட்டும் கல்லுக்கு யார் செலவழிப்பார்கள்? 2025 மார்ச்சில் வந்த 1.21.5-இல் நெதரைட் இருந்த இடத்துக்குச் சாதாரண இரும்பு இங்காட் வந்தது. இதைவிட நல்ல மாற்றம் இந்தக் கல்லுக்குக் கிடைத்திருக்க முடியாது. உங்கள் சர்வர் 1.21.4-லோ அதற்கு முன்போ நின்றிருந்தால் பழைய விலைதான்.

சிசல்டு பிரிக்ஸை கிராஃப்டிங் டேபிளில் செய்யாதீர்கள். ஸ்டோனைப் பிரிக் ஆக்கி, பிரிக்கை ஸ்லாப் ஆக்கி, இரண்டு ஸ்லாபை மேலும் கீழும் வைத்துச் செய்வது வீண் வேலை. ஸ்லாப் மூன்று மூன்று பிரிக்காகத்தான் விழும் என்பதால் எட்டுக்குப் பதில் ஒன்பது பிரிக் செலவாகும், இரண்டு ஸ்லாப் மிஞ்சும். ஸ்டோன்கட்டரில் ஒரு ஸ்டோனுக்கு ஒரு சிசல்டு பிரிக் நேராகவே கிடைக்கும். அந்த ஸ்டோனுக்காக எட்டுக் கோபிள்ஸ்டோனை ஃபர்னஸில் உருக்க ஒரே ஒரு நிலக்கரி சரியாகப் போதும். காம்பஸுக்கு நான்கு இரும்பும் ஒரு ரெட்ஸ்டோனும். ஆக, மொத்தம் ஐந்து இரும்பில் ஒரு ஜோடி தயார்.

காம்பஸைக் கையில் பிடித்து லோட்ஸ்டோன் மேல் ரைட் கிளிக் செய்தால் மினுமினுப்பு ஏறும். அதோடு இணைப்பு முடிந்தது. கையில் ஒரு அடுக்கு காம்பஸ் இருந்தால் ஒரு கிளிக்குக்கு ஒன்றுதான் மாறும். தூர வரம்பு கிடையாது. ஒரே கல்லோடு இணைந்தவை ஒன்றாக அடுக்கிக்கொள்ளும், வேறு கல்லுக்குரியவை சேராது.

சாதாரண காம்பஸ் நெதரில் திசையில்லாமல் சுழலும், லோட்ஸ்டோனோடு இணைத்தது நிற்கும். அதனால் நெதருக்குக் கொண்டுவரும் வாசலான போர்ட்டலை விட்டு வெளியே வந்ததும் முதல் வேலை அதன் பக்கத்தில் ஒரு கல்லை வைத்து இரண்டு காம்பஸ்களை இணைப்பது. ஒன்று உங்களோடு வரட்டும். மற்றொன்று வீட்டுப் பெட்டியில் இருக்கட்டும். நெதரில் செத்தால் கையிலிருந்தது பொருட்களோடு கீழே விழும். சாமான்களை மீட்கத் திரும்பப் போகும்போது வழிகாட்டப் போவது அந்த இரண்டாவதுதான். ஓவர்வேர்ல்டில், அதாவது ஆட்டம் தொடங்கும் சாதாரண உலகில், எடுத்துப் பார்த்தால் அது சுழன்றுகொண்டிருக்கும், கெட்டுப்போகவில்லை. நெதருக்குள் நுழைந்ததும் சரியாகிவிடும்.

முள் கிடைமட்டத் திசையை மட்டுமே காட்டும், உயரமும் தூரமும் சொல்லாது. முள் நேராகக் காட்டியும் போர்ட்டல் கண்ணில் படவில்லையென்றால், நீங்கள் நிற்கும் தளத்துக்கு மேலேயோ கீழேயோ அது இருக்கலாம். கல் வைத்த உயரத்தைக் காம்பஸின் பெயரிலேயே எழுதிவிடுவது நல்லது. இணைத்த காம்பஸ்கள் எல்லாம் பார்க்க ஒரே மாதிரி இருப்பதால், அன்வில்லில் (பட்டறைக்கல்லில்) ஒரு அனுபவ லெவல் கொடுத்துப் பெயர் மாற்றுவது எப்படியும் தேவைப்படும்.

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது வேறொன்றில். இணைத்த காம்பஸால் இன்னொரு லோட்ஸ்டோனைத் தெரியாமல் கிளிக் செய்தால், எச்சரிக்கை எதுவும் இல்லாமல் பழைய இணைப்பு அழிந்து புதியது ஏறிவிடும். பல கற்கள் அருகருகே உள்ள பொதுக்கூடங்களில் இது அடிக்கடி நடக்கும். அங்கே காம்பஸை இடது கையில் வைத்துக்கொண்டாலும் ரைட் கிளிக் அதற்குப் போகலாம், இன்வென்ட்டரிக்குள் தள்ளிவிடுங்கள்.

கல் உடைந்தால் என்ன ஆகும்? கல் இருந்த அதே உலகத்தில் (நெதரோ ஓவர்வேர்ல்டோ) ஒருவரின் இன்வென்ட்டரியில் இருக்கும் காம்பஸ் உடனே இணைப்பை இழக்கும். அதே இடத்தில் கல்லைத் திரும்ப வைத்தாலும் பிடிக்காது, மறுபடி கிளிக் செய்துதான் இணைக்க வேண்டும். சாதாரண காம்பஸாகவும் அது திரும்ப மாறாது. பெட்டிக்குள் இருப்பவற்றுக்கு அப்படியில்லை. வெளியே எடுப்பதற்குள் அதே பிளாக்கில் கல் திரும்ப வந்துவிட்டால், எதுவும் நடக்காததுபோல் வேலை செய்யும்.

கல்லின் வெடிப்புத் தாங்குதிறன் 3.5தான். கோபிள்ஸ்டோனுக்கே 6. வெடிக்கும் மிருகமான கிரீப்பர் பக்கத்தில் வெடித்தால் தாங்காது, நெதரில் பறக்கும் காஸ்ட்டின் தீப்பந்து ஒட்டி விழுந்தாலும் ஆபத்துதான். ஆறு பக்கமும் கோபிள்ஸ்டோனால் மூடிவிடுங்கள். காஸ்ட்டின் தீப்பந்து கோபிள்ஸ்டோனை உடைக்காது. மூடி இருந்தாலும் முள் சரியாகவே காட்டும். இடம் மாற்றக் கல்லைப் பெயர்க்கும்போது மரப் பிக்காக்ஸாவது வேண்டும், வெறுங்கையால் உடைத்தால் கல் கிடைக்காது.

எஃப்3 விசையை அழுத்தி ஆயத்தொலைவுகளைக் குறித்துக்கொள்பவர்களுக்கு ஓவர்வேர்ல்டில் இது அவ்வளவாகத் தேவைப்படாது. ஆயத்தொலைவுகளை மறைத்திருக்கும் சர்வர்களில் கதையே வேறு. அங்கே ஊருக்கு ஒன்று, ஒவ்வொரு போர்ட்டலுக்கும் ஒன்று, நெதர் கோட்டை வாசலில் ஒன்று என்று வைத்து, ஒவ்வொன்றுக்கும் இணைத்த காம்பஸ்களைப் பொதுப் பெட்டியில் அடுக்கி வையுங்கள். புதிதாகச் சேர்பவர் பெயரைப் பார்த்து ஒன்றை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடலாம்.