ஃப்ளோரன்ஸில் தங்குவதா, லூக்காவில் தங்குவதா?

இத்தாலியில் டஸ்கனிப் பக்கம் குடும்பத்தோடு ஒரு வாரம் ஓய்வாக இருந்துவிட்டு வரலாம் என்று சொன்னால், கேட்கிறவர்கள் எல்லோரும் ஃப்ளோரன்ஸில் ரூம் போடு என்றுதான் சொல்வார்கள். நாங்கள் ஃப்ளோரன்ஸிலும் தங்கியிருக்கிறோம், அங்கிருந்து மேற்கே சாதாரண ரயிலில் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரத்தில் வரும் லூக்காவிலும் தங்கியிருக்கிறோம். ஓடுகிற வயதில் இரண்டு பிள்ளைகள், முழங்கால் வலியோடு என் அம்மா, வேலை அலுப்போடு நாங்கள் இருவர், இப்படி ஒரு கூட்டம் போவதானால் லூக்காதான் என்பது என் கட்சி. ஏன் என்று சொல்கிறேன். ஃப்ளோரன்ஸ் ஜெயிக்கிற இடங்களும் உண்டு, அவற்றையும் சொல்கிறேன்.

முதலில், பேச்சுக்கே இடமில்லாத விஷயங்கள். கலை என்று பார்த்தால் இரண்டு ஊருக்கும் போட்டியே கிடையாது. உஃபிஸி அருங்காட்சியகம், அக்கதேமியா அருங்காட்சியகத்தில் நிற்கும் மைக்கேலாஞ்சலோவின் டேவிட் சிலை, தலைமைத் தேவாலயத்தின் மேல் 1436-இல் முடிந்த புருனெலெஸ்கியின் குவிமாடம் எல்லாம் ஃப்ளோரன்ஸில் நடந்து போகிற தூரத்தில் இருக்கின்றன. ரோமுக்கு அதிவேக ரயிலில் ஒன்றரை மணி நேரம்தான். லூக்காவில் அந்த ரயில் வசதி கிடையாது. வாடகை லூக்காவில் குறைவு, நாங்கள் பார்த்த மாதங்களில் அப்படித்தான் இருந்தது.

இனி எனக்கு முக்கியமானது. ஓய்வெடுக்கப் போகிற ஊரை நான் ஒரே ஒரு கேள்வியை வைத்துத்தான் எடை போடுகிறேன். கையில் எந்தத் திட்டமும் இல்லாத ஒரு சாயங்காலம், காசு கொடுக்காமல், வண்டி வருகிறதா என்று திரும்பித் திரும்பிப் பார்க்காமல், பாட்டி முதல் பேரன் வரை எல்லோரும் சேர்ந்து இருக்க அங்கே ஓர் இடம் உண்டா? பார்க்க வேண்டிய இடங்களின் பட்டியலை எல்லோரும் ஒப்பிடுகிறார்கள். ஆனால் குடும்பத்தோடு போகும்போது நாளில் பாதி நேரம் அந்தப் பட்டியலுக்கு வெளியேதான் கழிகிறது. சின்னவன் தூங்கி எழுந்த பிறகு, சாப்பாட்டுக்கடை திறக்கும் வரை, அம்மாவுக்கு இன்னொரு தேவாலயம் பார்க்கத் தெம்பில்லாதபோது, அந்த நேரத்தையெல்லாம் எங்கே வைத்துக்கொள்வது?

ஃப்ளோரன்ஸில் அந்த நேரத்துக்கு நல்ல பதில் எனக்குக் கிடைக்கவில்லை. நடுநகரில் நடைபாதைகள் ஒடுக்கமானவை, சில தெருக்களில் ஒருவர் பின் ஒருவராகத்தான் போக வேண்டும், பக்கத்திலேயே ஸ்கூட்டரும் டாக்ஸியும் உரசிக்கொண்டு போகும். குழந்தையின் கையை விடவே முடியாது. ரிபப்ளிக்கா சதுக்கத்தில் ஒரு பழைய குதிரை ராட்டினம் இருக்கிறது, பிள்ளைகளுக்கு அது பெரிய சந்தோஷம், ஆனால் அதில் எத்தனை தரம் ஏற்றுவது? போபொலி தோட்டம் அழகு, டிக்கெட் வாங்கித்தான் உள்ளே போக வேண்டும், சரிவும் படிகளும் அதிகம். காஷீனே பூங்கா பெரியது, இலவசம், ஆனால் நடுநகரிலிருந்து மேற்கே தள்ளி இருப்பதால் சின்னப் பிள்ளைகளோடு டிராம் பிடித்துத்தான் போக வேண்டும்.

இதோடு இன்னொன்றும் சேர்ந்துகொள்கிறது. உஃபிஸிக்கும் அக்கதேமியாவுக்கும் முன்கூட்டியே நேரம் குறித்து டிக்கெட் எடுக்காமல் போனால் வரிசையிலேயே காலை போய்விடும். குவிமாடத்தில் ஏறவும் அப்படித்தான், அதுவும் 463 படிகள், லிஃப்ட் கிடையாது. நேரம் குறித்துவிட்டால் அந்த நாள் முழுக்க அதைச் சுற்றியே நடக்கிறது. பத்தரைக்கு உள்ளே போக வேண்டும் என்றால் ஒன்பதிலிருந்தே வீட்டில் சத்தம்தான். ஷூ எங்கே, சாப்பிட்டாயா, பாத்ரூம் போனாயா. ஊரில் பள்ளிக்கூடத்துக்குக் கிளப்புகிற அதே அவசரம்.

லூக்காவில் அந்தக் கேள்விக்குப் பதில் ஊரைச் சுற்றியே நிற்கிறது. பழைய நகரம் முழுவதையும் வளைத்து நாலு கிலோமீட்டருக்குச் சற்று அதிகமான நீளத்தில் ஒரு கோட்டை மதில். 16-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆரம்பித்து, 17-ஆம் நூற்றாண்டின் நடுவில்தான் வேலை முடிந்தது. பீரங்கிக் குண்டைத் தாங்குவதற்காக உள்ளே மண்ணை நிரப்பி அகலமாகக் கட்டியதால் உச்சியில் ஒரு தெரு அளவுக்கு இடம் கிடைத்துவிட்டது. எந்தப் படையும் அதை வந்து முற்றுகையிடவில்லை. 1812-இல் செர்க்கியோ ஆறு பெருகியபோது வாசல் கதவுகளை அடைத்து ஊரைக் காப்பாற்றியது இந்த மதில்தான். 19-ஆம் நூற்றாண்டில் அதன் மேலே மரங்களை வைத்து, மக்கள் உலாவும் இடமாக மாற்றிவிட்டார்கள். இன்றைக்கு அங்கே கார் கிடையாது, டிக்கெட் கிடையாது, திறக்கும் நேரம் மூடும் நேரம் கிடையாது.

சரி, நடைமுறையில் அது எப்படி உதவுகிறது? பல இடங்களில் சரிவுப்பாதை இருப்பதால் தள்ளுவண்டியை மேலே கொண்டுபோய்விடலாம். ஏறியபின் சுற்று முழுக்கத் தரை சமம், என் அம்மாவின் முழங்காலுக்கு அது ஒன்றே போதுமானதாக இருந்தது. மரநிழல், வழியெங்கும் பெஞ்சு, வெளியே துருத்திக்கொண்டிருக்கும் கொத்தளங்கள் சிலவற்றில் புல்தரை, ஊஞ்சல், சறுக்கு. சாந்தா மரியா சதுக்கத்தின் பக்கம் வாடகை சைக்கிள் கடைகள் உண்டு, பெரியவர் மிதிக்க சின்னவர் முன்னால் உட்காருகிற நாலு சக்கர வண்டியும் கிடைக்கும், நிதானமாகப் போனாலும் அரைமணியில் ஒரு சுற்று முடியும். "நான் இங்கயே உக்காந்துக்கறேன்டா, நீங்க சுத்திட்டு வாங்க" என்று அம்மா சொன்னால் நிம்மதியாக விட்டுவிட்டுப் போகலாம், ஏனென்றால் வட்டம் முடிந்ததும் அதே பெஞ்சுக்குத்தான் வந்து சேர்வோம். உள்ளூர்த் தாத்தா பாட்டிகளும் அந்த நேரத்தில் அங்கேதான் இருப்பார்கள். பாஷை தெரியாமலேயே அம்மாவும் பக்கத்துப் பெஞ்சுக்காரப் பாட்டியும் பேரப்பிள்ளைகளைக் காட்டிக் காட்டிப் பேசிக்கொண்டிருந்தார்கள், ஃப்ளோரன்ஸில் அப்படி ஒன்றை நான் பார்த்ததில்லை.

ஒரு எச்சரிக்கை. மதிலின் வெளிப்பக்க விளிம்பில் எல்லா இடத்திலும் தடுப்பு கிடையாது, கீழே ஏறக்குறைய 12 மீட்டர் ஆழம். ஓடுகிற பிள்ளையை உட்பக்கப் பாதையிலேயே வைத்துக்கொள்ளுங்கள், கொத்தளங்களின் ஓரத்துக்குத் தனியாக விடாதீர்கள்.

மதிலுக்குள்ளேயும் எதற்கும் அவசரமில்லை. எங்கே ரூம் எடுத்தாலும் பெரும்பாலான இடங்கள் கால்மணி நடைக்குள் வந்துவிடும், அதனால் மதியம் திரும்பி வந்து படுத்துவிட்டு மறுபடி கிளம்பலாம். ரோமானியரின் வட்டரங்கு இருந்த அடித்தளத்தின் மேலேயே வீடுகள் எழும்பி, நீள்வட்ட வடிவில் ஒரு சதுக்கமாகி நிற்கிறது, அதற்குள் பிள்ளைகளை ஓடவிட்டுவிட்டு உட்கார்ந்து காபி குடிக்கலாம். குவினிஜி கோபுரம் 45 மீட்டர் உயரம், அதன் தலையில் ஓக் மரங்கள் வளர்ந்து நிற்கின்றன. கோபுரத்தின் மேல் எப்படி மரம் முளைத்தது என்று பிள்ளைகள் கேட்ட கேள்விகள் ரூம் வந்து சேரும்வரை ஓயவில்லை. தலைமைத் தேவாலயமான சான் மார்ட்டினோவில் யாக்கோப்போ தெல்லா குவெர்ச்சா செதுக்கிய இலாரியா தெல் கரெத்தோவின் கல்லறைச் சிற்பம் இருக்கிறது. காலடியில் ஒரு நாய் படுத்திருக்க, உறங்குகிற இளம்பெண். கலை பார்க்கப் போகிறவர்கள் இந்த ஒன்றுக்காகவே லூக்காவுக்கு வரலாம் என்பேன். 1858-இல் ஓபரா இசையமைப்பாளர் புச்சினி பிறந்த வீடும் இந்த ஊரில்தான், அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள்.

வெளியே போகவும் லூக்கா நல்ல மையம். ரயில் நிலையம் தெற்கு மதிலுக்கு எதிரிலேயே இருக்கிறது. பீசாவுக்கு அரைமணி நேரம். ஒன்று கவனியுங்கள், பீசா சென்ட்ரலே வரை போக வேண்டியதில்லை, அதற்கு முன்னால் சான் ரொஸ்ஸோரே நிலையத்தில் இறங்கினால் சாய்ந்த கோபுரம் சில நிமிட நடைதான். எட்டு வயது நிரம்பாத பிள்ளைகளைக் கோபுரத்தில் ஏற விடமாட்டார்கள், அதைப் போகுமுன்பே வீட்டில் சொல்லிவைத்துவிடுங்கள். வியாரெஜ்ஜோ கடற்கரையும் ரயிலில் பக்கம்தான். பினோக்கியோ கதையை எழுதியவர் புனைபெயராக எடுத்துக்கொண்ட கொல்லோதி கிராமம் கிழக்கே கொஞ்ச தூரத்தில் இருக்கிறது, அங்கே பிள்ளைகளுக்கான ஒரு பூங்காவும் உண்டு.

டஸ்கனியிலேயே இன்னொரு ஊரான சியெனா எப்படி என்று சிலர் கேட்கிறார்கள். அழகில் லூக்காவை விட ஒரு படி மேல் என்றுகூடச் சொல்வேன், கம்போ சதுக்கத்தைப் போல இன்னொன்றை நான் பார்த்ததில்லை. ஆனால் குன்றுகளின் மேல் உட்கார்ந்த ஊர், எங்கே போனாலும் ஏற்றம் இல்லையென்றால் இறக்கம். முழங்கால் வலிக்காரரோடும் தள்ளுவண்டியோடும் தங்க நான் சொல்லமாட்டேன். ஜூலை 2, ஆகஸ்ட் 16 இரண்டு நாளும் பாலியோ குதிரைப் பந்தயம், அப்போது ஊரே நிரம்பி வழியும். நாங்கள் அங்கே பகலில் போய்த் திரும்பியதோடு சரி, இரவு தங்கியதில்லை, அதனால் சாயங்கால சியெனாவைப் பற்றி என் பேச்சை முடிந்த முடிவாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

சாப்பாட்டில் ஃப்ளோரன்ஸ் முன்னால் நிற்கிறது. இந்திய உணவகங்கள் இருக்கின்றன, மெர்க்காத்தோ சென்ட்ரலே சந்தையின் மேல்மாடியில் பகல் முழுக்க ஏதாவது சூடாகக் கிடைக்கும், பிள்ளைக்குப் பசித்தால் மணி பார்க்க வேண்டாம். லூக்காவில் பல கடைகள் மதியம் மூடி இரவு ஏழு, ஏழரைக்குத்தான் திறக்கின்றன. அதற்கு எங்கள் வழி சமையலறையோடு ஒரு வீட்டை எடுத்து, அரிசி வாங்கி, தயிர் வாங்கி, ஒரு வேளையை வீட்டிலேயே முடித்துக்கொண்டதுதான். சைவக்காரர்களுக்கு லூக்காவில் செச்சீனா பிடிக்கும், கடலை மாவைக் கரைத்து அடுப்பில் சுட்டெடுக்கிற தட்டையான பண்டம், கிட்டத்தட்ட நம் கடலைமாவு அடை மாதிரி. ஃபார்ரோ என்கிற கோதுமை வகையில் செய்யும் சூப்பும் பிரபலம், ஆனால் அதில் பன்றிக்கொழுப்போ இறைச்சியோ சேர்ப்பது வழக்கம், கேட்டுவிட்டுச் சாப்பிடுங்கள். சோம்பும் உலர்திராட்சையும் போட்ட புச்செல்லாத்தோ ரொட்டி காலைக் காபிக்கு நன்றாக இருக்கும்.

வீடு பார்க்கும்போது இரண்டு ஊருக்கும் ஒரே அறிவுரைதான். கட்டடங்கள் பழையவை, லிஃப்ட் இருக்கிறதா, எத்தனையாவது மாடி என்பதை எழுதிக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், அங்கே முதல் மாடி என்றால் தரைத்தளத்துக்கு மேல். கார் வாடகைக்கு எடுத்தால் பழைய நகரத்துக்குள் அனுமதி இல்லாத வண்டிகளைக் கேமரா படம் பிடித்துவிடும், அபராதம் பிறகு வந்து சேரும். லூக்காவில் மதிலுக்கு வெளியே நிறுத்திவிட்டு நடந்து உள்ளே போவது நல்லது.

யார் ஃப்ளோரன்ஸை எடுக்க வேண்டும்? பிள்ளைகள் பதினான்கு பதினைந்தைத் தாண்டியிருந்தால், வீட்டில் ஒருவருக்காவது ஓவியத்தில் உண்மையான ஆசை இருந்தால், கையில் மூன்று நாளுக்கு மேல் இல்லையென்றால், யோசிக்காமல் ஃப்ளோரன்ஸ். அரசு அருங்காட்சியகங்களில் 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு நுழைவு இலவசம் என்பதும் ஒரு சௌகரியம். மழைநாளிலும் ஃப்ளோரன்ஸில் கூரைக்குக் கீழே செய்ய நிறைய இருக்கிறது, லூக்காவில் மதில் நனைந்தால் பாதிப் பொழுதுபோக்கு போயிற்று. நாங்கள் போனதெல்லாம் மழை குறைந்த மாதங்களில். டிசம்பர், ஜனவரியில் போகிறவர்கள் என் வாக்கை விட அந்தக் காலத்தில் போய் வந்தவர்களின் வாக்கைக் கேட்பது நல்லது.

லூக்கா என்று முடிவு செய்தால் தேதியைப் பாருங்கள். அக்டோபர் கடைசி, நவம்பர் தொடக்கத்தில் லூக்கா காமிக்ஸ் அண்ட் கேம்ஸ் விழா நடக்கும், ஊர் கொள்ளாத கூட்டம், அறை கிடைப்பதே கஷ்டம். கோடையில் நெப்போலியன் சதுக்கத்துப் பக்கம் இசைக் கச்சேரிகள் உண்டு, தூக்கம் முக்கியமென்றால் அங்கிருந்து தள்ளி வீடு எடுங்கள். ஃப்ளோரன்ஸை ஒரு பகலில் போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பலாம். திங்கள்கிழமை உஃபிஸியும் அக்கதேமியாவும் மூடியிருக்கும், அதைத் தவிர்த்துவிடுங்கள். இரண்டில் ஒன்றுக்கு மட்டும் பதினொரு மணிக்குமேல் நேரம் குறித்துக்கொண்டு, காலை ரயிலில் ஏறினால் போதும். காகித டிக்கெட் என்றால் ஏறுவதற்கு முன் நிலையத்தில் இருக்கும் இயந்திரத்தில் முத்திரை போட்டுக்கொள்ளுங்கள்.