வாசலுக்குச் சரக்கொன்றையா, குல்மோகரா?

நர்சரியில் இரண்டு கன்றும் அருகருகேதான் நிற்கும். குல்மோகர் இறகு மாதிரி இலைகளோடு தளதளவென்று இடுப்பளவுக்கு வளர்ந்திருக்கும். கொன்றை நாலு இலையோடு நோஞ்சானாக நிற்கும். முக்கால்வாசிப் பேர் குல்மோகரைத்தான் தூக்கிக்கொண்டு போவார்கள். வீட்டு வாசலுக்கு அது வேண்டாம் என்பேன்.

அழகில் குறை சொல்ல முடியாது. மடகாஸ்கரிலிருந்து வந்த மரம், மே மாதத்தில் இலை தெரியாமல் சிவந்து நிற்கும். வளர்த்தியும் வேகம். சிக்கல் வேரிலும் கிளையிலும் இருக்கிறது. வேர் ஆழம் போகாமல் மேலாகவே பரவி, தரையைத் தூக்கும், காம்பவுண்டுச் சுவரை விரிசல் விடச் செய்யும். குடை போலப் படரும் கிளைகள் பலமில்லாதவை, காற்றில் முறியும். 2016 டிசம்பரில் வர்தா புயல் சென்னையை அடித்தபோது, சாய்ந்து கிடந்தவற்றில் குல்மோகரும் இயல்வாகையும் ஏராளம். பயந்துபோய் உச்சியை மொட்டையாக வெட்டிவிடுகிறார்கள். அது இன்னும் ஆபத்து: வெட்டிய இடத்தில் கொத்தாகத் துளிர்க்கும் கிளைகள் தாய்மரத்தோடு சரியாக ஒட்டுவதில்லை. பள்ளி மைதானம், தோப்பு ஓரம் என்று விசாலமான இடமிருந்தால் தாராளமாக வைக்கலாம்.

சரக்கொன்றை நம் மண்ணின் மரம். சங்கப் பாடல்களில் முல்லை நிலத்தில் கார்காலத்தைச் சொல்லும் பூ, சிவன் தலையில் சூடும் பூ. கேரளத்தில் இது இல்லாமல் விஷுக்கணி இல்லை. முதல் இரண்டு மூன்று வருடம் மெதுவாகத்தான் வளரும், பூக்கவும் சில வருடம் பொறுக்க வேண்டும். ஆனால் வேர் பிடித்துவிட்டால் வறட்சியைத் தாங்கும், குல்மோகர் அளவுக்கு அகலமாகப் படர்ந்து இடத்தை அடைக்காது. தண்ணீர் தேங்கும் இடம் மட்டும் ஆகாது. அப்படிப்பட்ட ஈர மண்ணாக இருந்தால் பூமருது வையுங்கள், ஆற்றோரத்து மரம் அது, ஊதாப் பூவும் கண்ணுக்கு நிறைவு.

கொன்றையிலும் தொந்தரவு உண்டு. வெயில் காலத்தில் இலை கொட்டும், ஒன்று ஒன்றரை அடி நீளக் கருப்புக் காய்கள் மாதக்கணக்கில் தொங்கி விழும். உள்ளே இருக்கும் கருப்புச் சதை பேதி மருந்து, சின்னப் பிள்ளைகள் வாயில் வைக்காமல் பார்க்க வேண்டும். சில சமயம் பச்சைப் புழுக்கள் இலையை மொட்டையடிக்கும். மருந்து அடிக்காதீர்கள். அவை வெளிர்மஞ்சள் பட்டாம்பூச்சிகளின் குஞ்சுகள், மரம் மறுபடி தழைத்துவிடும்.

விதையிலிருந்து வளர்ப்பதென்றால் ஓடு கெட்டியாக இருப்பதால் சும்மா போட்டால் முளைக்காது. உப்புத்தாளில் லேசாகத் தேய்த்து, ஒரு ராத்திரி தண்ணீரில் ஊறவைத்துப் போடுங்கள். வடகிழக்குப் பருவமழைக்குக் கொஞ்சம் முன்னால் கன்றை நட்டு, சுவரிலிருந்து பத்தடியாவது தள்ளி, ஒரு குச்சி ஊன்றித் தளர்வாகக் கட்டிவிடுங்கள். முதல் இரண்டு கோடைக்கு வாரம் இரண்டு முறை ஆழமாகத் தண்ணீர் விட்டால் போதும். கிளை கழிக்க வேண்டுமானால் பூத்து முடிந்த பிறகு. பூக்கும் பருவத்துக்கு முன்னால் கத்தியை எடுத்தால் அந்த வருடச் சரம் போச்சு.